கணவன் என்பவன் யார்?



அரசாங்கக் காகிதங்களை ஒரு மொழியிலிருந்து மற்றொரு மொழிக்குப் பெயர்ப்பது நமது உத்தியோகம். சில சொற்கள் ஒரு பகல் முழுவதும் நம்மை அலைக்கழிப்பதுண்டு. வேறு சில, பேனா நிற்காமல் தாமே வந்து விழும். "கணவன்" என்பது இந்த இரண்டாவது வகையைச் சேர்ந்த சொல். பங்கீட்டு அட்டை விண்ணப்பம், பாங்கிக் கணக்கு, வாக்காளர் பட்டியல், ஆஸ்பத்திரிச் சீட்டு ஆகிய எல்லாவற்றிலும் "தந்தை அல்லது கணவர் பெயர்" என்று ஒரு கட்டம் இருக்கக் காண்கிறோம். அந்தக் கட்டத்தை எத்தனையோ முறை தமிழில் எழுதியிருக்கிறோம். அதற்குள் ஒரு வழக்கே அடங்கியிருக்கக் கூடும் என்று நாம் எண்ணியதில்லை.

சில காலத்துக்கு முன், ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, நாம் குடியிருக்கும் வடநாட்டு நகரத்தில் ஒரு தாயும் மகளும் நம் வீடு தேடி வந்தார்கள். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து பிழைப்புக்காக வந்து, பல ஆண்டுகளாக இங்கேயே தங்கிவிட்ட குடும்பம். மகளுக்கு முப்பது வயதிருக்கும். எட்டு ஆண்டுகளுக்கு முன் ஊர்ப்புறத்திலிருந்த ஒரு சிறு கோயிலில், உறவினர் இருபது பேர் முன்னிலையில், இங்கே வேலை பார்த்து வந்த ஒரு தமிழர் அவளுக்குத் தாலி கட்டினார். ஒரு பையனும் பிறந்தான். பிறகு, "வீட்டிலிருந்து பணம் வாங்கி வா" என்ற பேச்சு தொடங்கியது. பேச்சு வசையாயிற்று, வசை அடியாயிற்று. கையிலிருந்த நகை போயிற்று. கடைசியில் அவள் போலீஸில் புகார் கொடுத்தாள். வழக்கு நீதிமன்றத்துக்கு வந்துவிட்டது. எதிர்த் தரப்பார் கொடுத்திருந்த மனுவைத் தமிழில் படித்துச் சொல்ல வேண்டும் என்பதற்காகவே அவர்கள் வந்திருந்தார்கள்.

படித்துக்கொண்டே வந்த நாம் மூன்றாவது பக்கத்தில் சற்று நின்றுவிட்டோம். மனுதாரர் இந்தப் பெண்ணின் கணவரே அல்லர் என்று அங்கே எழுதியிருந்தது. அவருக்கு முந்திய மனைவி ஒருத்தி ஊரில் உயிரோடு இருக்கிறாளாம். முதல் விவாகம் நீடிக்கையில் நடந்த இரண்டாவது விவாகம் சட்டப்படி செல்லாதாம். மேலும் அந்தக் கோயிலில் அக்கினி வளர்க்கவில்லை, ஏழடி நடக்கவில்லையாம். ஆகவே அவர் கணவர் அல்லர். கணவர் அல்லாதவர்மீது கணவன் செய்த கொடுமை என்ற குற்றம் எப்படிப் பொருந்தும்?

முதல் மனைவி ஒருத்தி உண்டென்பதைத் தாயும் மகளும் அப்போதுதான் அறிந்தார்கள். தாய் அழுதாள். மகள் அழவில்லை. "அப்படியானால் இந்த எட்டு வருஷமும் நான் யார் வீட்டில் இருந்தேன், அண்ணா?" என்று மட்டும் கேட்டாள்.

அந்தக் கேள்விக்குச் சட்டம் என்ன விடை தருகிறது என்பதையே இன்று ஆராய விரும்புகிறோம்.

கணவனோ, அவனுடைய உறவினரோ ஒரு பெண்ணைக் கொடுமைப்படுத்துவதைத் தனிக் குற்றமாக ஆக்கியது 1983-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம். அதன் வாயிலாக இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 498-ஏ என்ற பிரிவு சேர்ந்தது. 2024 ஜூலை முதல் தேதியிலிருந்து அதே குற்றம் பாரதிய நியாய சம்ஹிதையின் 85-ஆவது பிரிவில் இடம்பெற்றிருக்கிறது. கொடுமை என்பதன் விளக்கம் 86-ஆவது பிரிவில் உள்ளது. அத்தேதிக்கு முன் நடந்த குற்றங்களுக்குப் பழைய பிரிவே பொருந்தும். தண்டனை மூன்றாண்டு வரை சிறைவாசமும் அபராதமும். பெண்ணைத் தற்கொலைக்குத் தூண்டும் அளவுக்கோ, அவள் உடலுக்கோ மனத்துக்கோ பெருங்கேடு விளைக்கும் அளவுக்கோ வேண்டுமென்றே நடந்துகொள்வது கொடுமை. பொருள் கேட்டு அவளையோ அவள் உறவினரையோ நெருக்கித் துன்புறுத்துவதும் கொடுமைதான்.

இப்பிரிவில் "கணவன்" என்றுதான் சொல்லியிருக்கிறதே தவிர, கணவன் யார் என்று விளக்கவில்லை. சட்டம் இயற்றியவர்களும் நம்மைப் போலவே அதை எளிய சொல் என்று எண்ணினார்கள் போலும்.

மறுபுறம், 1955-ஆம் ஆண்டு ஹிந்து விவாகச் சட்டம் திட்டவட்டமாகப் பேசுகிறது. விவாக சமயத்தில் இருவரில் எவருக்கும் உயிரோடுள்ள வாழ்க்கைத் துணை இருக்கலாகாது. இருந்தால் அந்த விவாகம் தொடக்கத்திலிருந்தே செல்லாது. மேலும், மணமக்களில் எவரேனும் ஒருவருடைய குல வழக்கப்படியான சடங்குகள் நடந்திருக்க வேண்டும். இந்த இரண்டு சட்டங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், குற்றம் சாட்டப்பட்டவனுக்கு ஓர் அகலமான வாசல் திறப்பதைக் காணலாம். பெண்ணை ஏமாற்றி மணந்தவன், அந்த ஏமாற்றையே கேடயமாகப் பிடித்துக்கொள்ள முடிகிறது.

"அப்படியானால் இருதார மணக் குற்றத்துக்காகவாவது அவனைத் தண்டிக்கலாமே" என்று நேயர்கள் கேட்கலாம். ஏழாண்டு வரை சிறைவாசம் விதிக்கும் குற்றம் அது. ஆனால் அங்கே வேறொரு முட்டுக்கட்டை இருக்கிறது. 1965-இல் மகாராஷ்டிரத்திலிருந்து வந்த ஒரு வழக்கில், இரண்டாவது விவாகத்துக்கும் உரிய சடங்குகள் முறைப்படி நடந்தன என்று மெய்ப்பித்தாலன்றி அக்குற்றம் நிலைக்காது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே, சடங்கு குறைவு என்று சொல்லி இருதாரக் குற்றத்திலிருந்து ஒருவன் தப்பலாம். தான் கணவனே அல்லன் என்று சொல்லிக் கொடுமைக் குற்றத்திலிருந்தும் தப்பலாம். இரண்டு வாசலிலும் வெளியே நிற்பவள் அந்தப் பெண்தான்.

இந்த இடுக்கணை உச்ச நீதிமன்றம் ஒன்றுக்கு மேற்பட்ட முறை எதிர்கொண்டிருக்கிறது. எப்போதும் ஒரே விடை வரவில்லை.

2002-இல் மத்தியப் பிரதேசத்திலிருந்து வந்த வழக்கு ஒன்று. முதல் மனைவி இருக்கையில் மணந்துகொள்ளப்பட்ட பெண், கொடுமை பொறாமல் தீக்குளித்து இறந்துபோனாள். விவாகம் செல்லாதது என்பதால் 498-ஏ பிரிவின் கீழ் விதித்த தண்டனையை நீதிமன்றம் ரத்துச் செய்தது. ஆனால் தற்கொலைக்குத் தூண்டியதற்கான தண்டனையை நிலைநிறுத்தியது. இதன் விளைவைச் சற்று எண்ணிப் பாருங்கள். அவள் உயிரோடிருந்து முறையிட்டிருந்தால் அவன் கணவன் அல்லன் என்று விட்டிருப்பார்கள். அவள் இறந்த பிறகுதான் அவன் செய்கை குற்றமாயிற்று.

இரண்டு ஆண்டுகளுக்குப் பின், 2004-இல், பஞ்சாபிலிருந்து வேறொரு வழக்கு வந்தது. வரதட்சிணை கேட்டுத் துன்புறுத்தி, உயிரைப் போக்கும் பொருளை உட்கொள்ளும்படி கட்டாயப்படுத்தினார்கள் என்பது அந்தப் பெண்ணின் வாக்குமூலம். அவளை மணந்தவனுக்கு முந்திய மனைவி உண்டு. விவாகம் செல்லாது என்று சொல்லிக் கீழ்க் கோர்ட்டு விடுதலை செய்துவிட்டது. உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. இப்பிரிவின் நோக்கம் பெண்ணைக் கொடுமையிலிருந்து காப்பது. கணவன் என்ற அந்தஸ்து தனக்கு உண்டென்று வெளிப்படையாகச் சொல்லிக்கொண்டோ, உண்டென்று பாவனை செய்தோ ஒரு பெண்ணோடு இல்வாழ்க்கை நடத்தி, அந்த அந்தஸ்தின் மறைவில் அவளைக் கொடுமைப்படுத்துகிறவனும் இப்பிரிவின் நோக்கத்துக்குக் கணவனே என்பது அத்தீர்ப்பின் சாரம். 2009-இல் இதே கருத்தை அந்த நீதிமன்றம் மீண்டும் வலியுறுத்தியது. 2011-இல் ஆந்திரத்து வழக்கொன்றில் மேலும் ஒருபடி சென்றது. உரிய நீதிமன்றம் விவாகத்தைச் செல்லாதென்று அறிவிக்கும் வரையில், ஏமாற்றி மணக்கப்பட்டவளும் மனைவியாகவே நின்று புகார் செய்யலாம் என்று கூறியது.

இதோடு விவாதம் முடிந்தது என்று நிம்மதி கொள்ள இயலவில்லை. 2023 பிப்ரவரியில், தமிழ்நாட்டிலிருந்தே சென்ற ஒரு வழக்கில், விவாகம் செல்லாதது என்று தீர்ப்பு ஏற்பட்டிருந்த காரணத்தால் 498-ஏ பிரிவின்படி விதித்த தண்டனை நிலைக்காது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே ஆண்டு ஜூலையில் கர்நாடக உயர்நீதிமன்றம், புகார் செய்தவள் இரண்டாம் மனைவி என்ற காரணத்தால் ஒருவரை விடுவித்தது. இரு வரிசைத் தீர்ப்புகளும் ஏடுகளில் அருகருகே நிற்கின்றன. எந்த வரிசை தம் வழக்குக்குப் பொருந்தும் என்பதை ஒவ்வொரு பெண்ணும் தன் விவரங்களைக் கொண்டு வாதாடித்தான் நிலைநாட்ட வேண்டியிருக்கிறது.

எதிர்த் தரப்பு நியாயத்தையும் சொல்லாமல் விடுவது முறையன்று. தண்டனைச் சட்டத்தின் சொற்களை இழுத்து நீட்டி ஒரு மனிதனைச் சிறைக்கு அனுப்பக் கூடாது என்பது பழமையான, மதிக்கத்தக்க கோட்பாடு. இன்று கணவன் என்ற சொல்லை நீட்டினால், நாளை வேறொரு சொல்லை நீட்டி ஒரு நிரபராதியைப் பிடிக்க முடியும். கணவனுடைய காதலியை அவனுடைய "உறவினர்" என்று சொல்லி இப்பிரிவின்கீழ் வழக்குத் தொடர முடியாது என்று 2009-இல் உச்ச நீதிமன்றம் கூறியதும் இந்த எச்சரிக்கையினால்தான். புகார் வந்தவுடனே விசாரியாமல் கைது செய்யலாகாது என்று 2014-இல் அது விதித்ததையும் நினைவு கொள்ள வேண்டும்.

ஆயினும், மொழிபெயர்ப்பாளர் என்ற முறையில் நமக்கு ஒன்று தோன்றுகிறது. ஒரு சொல்லுக்கு இரண்டு வகையில் பொருள் ஏற்படலாம். ஒன்று, ஏட்டில் எழுதியிருப்பது. மற்றது, ஊரார் அறிய ஒருவன் நடந்துகொண்டது. சொத்துரிமை வழக்கில் முதற்பொருளைக் கேட்பது முறை. ஆனால் அடித்தவன் யார் என்று கேட்கும் வழக்கில், அவன் எந்தப் பெயரைச் சொல்லிக்கொண்டு அந்த வீட்டுக்குள் நுழைந்தான் என்பதே கேள்வி. கணவன் என்ற பெயரால் நகையைக் கேட்டு வாங்கியவன், கணவன் என்ற பெயரால் கையை ஓங்கியவன், கூண்டில் ஏறியதும் அப்பெயரைக் கழற்றி வைப்பதற்கு இடங்கொடுக்கலாகாது. இவ்வாறு பொருள் கொள்வதைச் சொல்லை நீட்டுவதாக நாம் கருதவில்லை. அவனே பூண்ட பெயரை அவன்மீது நிறுத்துவதாகவே கருதுகிறோம். 2004-ஆம் ஆண்டுத் தீர்ப்பே நீதிக்கு நெருங்கியது என்பது நமது எண்ணம்.

இனி, வெளி மாநிலங்களில் வாழும் நம்மவர்கள் தனியே கவனிக்க வேண்டிய செய்திகளுக்கு வருவோம்.

முதலாவது, சடங்கைப் பற்றியது. வடநாட்டில் விவாகம் என்றால் அக்கினியை வலம் வருவது என்றே பலரும் எண்ணுகிறார்கள். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. மணமக்களில் ஒருவருடைய குல வழக்கம் எதுவோ அதுவே போதும். ஏழடி நடத்தல் வழக்கத்தில் உள்ளவர்களுக்கு மட்டுமே ஏழாவது அடியில் விவாகம் பூர்த்தியாகிறது. தாலி கட்டுவதே பிரதானம் என்ற வழக்கமுள்ள குடும்பங்கள், அந்த வழக்கத்தை மூத்தோரின் சாட்சியம் கொண்டு வெளியூர்க் கோர்ட்டில் மெய்ப்பிக்க வேண்டியிருக்கும். நம் ஊரில் யாரும் கேட்காத கேள்வியை இங்கே கேட்பார்கள்.

இரண்டாவது, சுயமரியாதைத் திருமணம். 1967-ஆம் ஆண்டுச் சட்டத்தின் வாயிலாகச் சென்னை மாநிலம் ஹிந்து விவாகச் சட்டத்தில் 7-ஏ என்ற பிரிவைச் சேர்த்தது. உறவினர் அல்லது நண்பர் முன்னிலையில் மாலை மாற்றிக்கொண்டாலும், மோதிரம் அணிவித்தாலும், தாலி கட்டினாலும், ஒருவரை ஒருவர் ஏற்பதாக அறிவித்தாலும் அதன்படி விவாகம் செல்லும். ஆனால் அது தமிழ்நாட்டுக்கென இயற்றிய திருத்தம், புதுச்சேரிக்கும் நீட்டிக்கப்பட்டது. அங்கே அவ்வாறு மணம் புரிந்துகொண்டு இங்கே வந்து வாழ்வோருக்குக் கவலையில்லை. இங்கேயே ஒரு மண்டபத்தில் மாலை மட்டும் மாற்றிக்கொண்டவர்கள் அப்பிரிவை எளிதில் துணைக்கழைக்க இயலாது. அத்தகையவர்கள் 1954-ஆம் ஆண்டுத் தனி விவாகச் சட்டத்தின்படி மணம் புரிந்துகொள்வது நல்லது. அதிகாரி தரும் அந்தச் சான்றிதழே விவாகத்துக்கு முடிவான சாட்சியம்.

மூன்றாவது, பதிவு. எல்லா விவாகங்களையும் பதிவு செய்ய வேண்டும் என்று 2006-இல் உச்ச நீதிமன்றம் மாநிலங்களுக்குக் கட்டளையிட்டது. தமிழ்நாட்டில் 2009-ஆம் ஆண்டுச் சட்டம் அதைக் கட்டாயமாக்கியது. ஹிந்து விவாகத்தில் சடங்கு நடவாமல் பதிவு மட்டும் இருந்தால் போதாது என்று 2024-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியிருக்கிறது. ஆகையால் பதிவுச் சான்றோடு, கோயில் ரசீது, அழைப்பிதழ், தாலி கட்டும் படம், வந்திருந்தோர் பெயர் ஆகியவற்றையும் பெண் வீட்டார் ஒரு பிரதி வைத்திருக்க வேண்டும். எல்லாக் காகிதத்தையும் மாப்பிள்ளை வீட்டுப் பெட்டியில் வைத்துவிட்டு வெறுங்கையோடு வெளியேறியவர்களை நாம் அறிவோம்.

நான்காவது, வழக்கிடும் இடம். கொடுமை வெளியூரில் நடந்தாலும், துரத்தப்பட்ட பெண் எங்கே தஞ்சம் புகுந்தாளோ அந்த ஊர் நீதிமன்றத்திலும் வழக்கு நடத்தலாம் என்று 2019-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கான்பூரில் துன்பப்பட்டவள் கோவில்பட்டியில் தாய் வீட்டிலிருந்தே முறையிடலாம். ஆனால் காலவரம்பு மூன்றாண்டு என்பதை மறக்கலாகாது.

ஐந்தாவது, வேறு வழிகள். கொடுமை வழக்கு ஒன்றையே நம்பியிருக்க வேண்டியதில்லை. 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம், விவாகத்தின் தன்மையுள்ள உறவில் வாழ்ந்த பெண்ணுக்கும் பாதுகாப்பு, உறைவிடம், ஜீவனாம்சம் ஆகியவற்றைப் பெற உரிமை தருகிறது. முதல் விவாகத்தை மறைத்து ஏமாற்றி மணந்தவன், தன் குற்றத்தையே காரணங்காட்டி ஜீவனாம்சம் மறுக்க முடியாது என்று 2013-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. சட்டப்படி மணந்ததாக நம்பச் செய்து ஒரு பெண்ணோடு வாழ்வது பத்தாண்டு வரை தண்டனைக்குரிய தனிக் குற்றம். செல்லாத விவாகத்தில் பிறந்த குழந்தையும் சட்டப்படியான குழந்தையே என்பதை ஹிந்து விவாகச் சட்டத்தின் 16-ஆவது பிரிவு உறுதி செய்கிறது. அந்தச் சிறுவனின் பெயருக்கு எந்தக் களங்கமும் இல்லை.

இறுதியாக, அண்டை வீட்டாரின் கடமையைப் பற்றி ஒரு வார்த்தை. இருவர் கணவன் மனைவியாக வாழ்ந்தார்கள் என்பதற்கு, நண்பர்களும் உற்றாரும் அவர்களை அவ்வாறே நடத்தினார்கள் என்பதும் சாட்சியமாகும் என்பது சாட்சியச் சட்டத்தின் நெடுநாளைய விதி. இருதார மணம் போன்ற சில வழக்குகளில் அது மட்டும் போதாதென்று அச்சட்டமே விலக்கியிருக்கிறது. அந்த விலக்குப் பட்டியலில் 498-ஏ இடம்பெறவில்லை. ஆகவே, பொங்கலுக்கு வந்து போன வீட்டுக்காரர், பிரசவத்துக்குத் துணை சென்ற அம்மாள், தமிழ்ச் சங்க விழாவில் "என் சம்சாரம்" என்று அவர் அறிமுகப்படுத்தியதைக் கேட்ட நண்பர் ஆகியோரின் சொல்லுக்கு மதிப்பு உண்டு. "நமக்கேன் வம்பு" என்று நம்மவர் ஒதுங்கினால், மொழி தெரியாத ஊரில் அந்தப் பெண்ணுக்கு வேறு யார் சாட்சி சொல்வார்கள்?

அன்று மாலை தாயிடமும் மகளிடமும் நாம் சொன்னது ஒன்றே: வீட்டில் உள்ள காகிதம் அனைத்தையும் தேடுங்கள். அடுத்த வாரம் ஒரு துணிப்பை நிறையக் கொண்டுவந்தார்கள். பையனைப் பள்ளியில் சேர்த்த விண்ணப்பம் இருந்தது. பங்கீட்டு அட்டையின் நகல் இருந்தது. பிரசவத்தின்போது ஆஸ்பத்திரியில் எழுதிக் கொடுத்த சம்மதப் பத்திரமும் இருந்தது. அதில் "கணவர்" என்று அச்சிட்ட கட்டத்துக்கு எதிரே அந்த மனிதர் தம் கையாலேயே பெயரெழுதிக் கையெழுத்திட்டிருந்தார். மூன்று காகிதங்களையும் வக்கீல் நீதிமன்றத்தில் கொடுத்தார். வழக்கைத் தள்ளும்படி அவர் போட்ட மனு தள்ளுபடியாயிற்று. விசாரணை நடந்து வருகிறது. முடிவு எப்படியாகும் என்பதை நாம் சொல்வதற்கில்லை.

ஆனால் அந்தப் பெண் கேட்ட கேள்விக்கு ஒரு விடை அந்தத் துணிப்பையில் இருந்தது. எட்டு ஆண்டுகள் அவள் தன் கணவன் வீட்டில்தான் இருந்தாள். அப்படிச் சொன்னவர் அவரே. உங்கள் வீட்டுப் பெண்ணின் காகிதங்கள் எங்கே இருக்கின்றன என்பதை இன்றிரவே ஒருமுறை பார்த்து வையுங்கள் என்று கேட்டு விடைபெறுகிறோம்.